ஹூணர்கள் ரோமுக்குச் செய்தது என்ன?

பள்ளிக்கூட வரலாற்றுப் பாடத்தில் ரோமப் பேரரசின் முடிவு பெரும்பாலும் இரண்டே வரிகளில் முடிந்துவிடும்: ஆசியப் புல்வெளியிலிருந்து ஹூணர்கள் குதிரையேறி வந்தார்கள், பேரரசு வீழ்ந்தது. இந்த இரண்டு வரிகளுக்கும் நடுவே நூறாண்டுக் காலம் ஒளிந்திருக்கிறது. ஹூணர்கள் ஐரோப்பாவின் கிழக்கு விளிம்பில் தென்பட்டது கி.பி. 370ஐ ஒட்டிய ஆண்டுகளில். மேற்கு ரோமின் கடைசிப் பேரரசன் இத்தாலியில் பதவி இழந்தது 476இல். அதற்கு இருபது ஆண்டுகளுக்கு முன்பே ஹூணர்களின் சொந்த அரசு சிதறிப் போயிருந்தது. ரோம் நகரத்தை அவர்கள் ஒருமுறைகூடப் பிடித்ததில்லை. 410இல் அதைச் சூறையாடியவர்கள் கோத்துகள். 455இல் சூறையாடியவர்கள் வாண்டல்கள். இருவருமே ஜெர்மானிய மக்கள். அப்படியிருக்க, அந்த வீழ்ச்சியில் ஹூணர்களின் பங்கு என்ன என்பதைப் புரிந்துகொள்ள, ஹூணர் மன்னன் அட்டிலாவின் போர்களை மட்டும் பார்த்தால் போதாது. ரோமின் கணக்குப் புத்தகத்தையும் சேர்த்துப் பார்க்க வேண்டும்.

நான்காம் நூற்றாண்டின் ரோமப் பேரரசு அடிப்படையில் நிலவரியால் நடந்த அரசு. விளைநிலத்திலிருந்து வரி வந்தது. அந்த வரியில் மிகப் பெரிய பங்கு படைக்குப் போனது. படை எல்லையைக் காத்தது. எல்லை காக்கப்பட்டதால் நிலம் விளைந்தது. இந்தச் சக்கரம் சுழலும்வரை பேரரசுக்கு ஒரு தோல்வியோ இரண்டு தோல்வியோ பெரிய பொருட்டல்ல. ஆனால் ஒரு மாகாணம் கைவிட்டுப் போனால், அங்கிருந்து வந்த வரி நின்றுவிடும்; வரி நின்றால் அந்த அளவுக்குப் படையும் குறையும்; படை குறைந்தால் அடுத்த மாகாணத்துக்குக் காவல் இருக்காது. 395இல் பேரரசர் முதலாம் தியோடோசியஸ் இறந்தபின் பேரரசு அவருடைய இரண்டு மகன்களுக்கும் பிரிந்தபோது, கிழக்குக்கு எகிப்தும் சிரியாவும் ஆசியா மைனரும் வாய்த்தன. கடலும் தலைநகரான கான்ஸ்டாண்டிநோபிளின் மதில்களும் அவற்றை டான்யூப் பக்கத்துப் பகைவர்களிடமிருந்து மறைத்து நின்றன. மேற்குக்கு வாய்த்த எல்லையோ ரைன் ஆற்றிலிருந்து டான்யூப் வரை நீண்டு திறந்துகிடந்தது. வடக்கிலிருந்து எளிதில் எட்ட முடியாத அதன் வளமான சொத்து, இன்றைய துனீசியாவைச் சுற்றியிருந்த வட ஆப்பிரிக்கா ஒன்றுதான். இந்த வட ஆப்பிரிக்காவை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். கதையின் திருப்புமுனை அங்கேதான் வருகிறது.

ஹூணர்கள் யார்?

ஹூணர் என்ற பெயர் இந்திய வரலாற்றில் ஸ்கந்தகுப்தர் காலத்துப் படையெடுப்புகளாலும், பின்னால் வந்த தோரமானன், மிகிரகுலன் ஆகியோராலும் நமக்குப் பழக்கமானது. அந்த ஹூணர்களும் ஐரோப்பாவுக்குப் போன ஹூணர்களும் ஒரே மக்களா, ஒரே பெயரைச் சூடிய வெவ்வேறு கூட்டங்களா என்பதில் ஆய்வாளர்களிடையே இன்னும் ஒருமித்த முடிவு இல்லை. அதுபோலவே, சீன அரசுகளோடு நெடுங்காலம் மோதிய சியோங்னு மக்களின் வழித்தோன்றல்களே ஹூணர்கள் என்ற கருத்தும் இருநூறு ஆண்டுகளுக்கும் மேலாக விவாதிக்கப்படுகிறது. துன்ஹுவாங் அருகே கிடைத்த நான்காம் நூற்றாண்டுத் தொடக்கத்து மத்திய ஆசியச் சோக்திய வணிகர் கடிதம் ஒன்று, சீனத்தின் லோயாங் நகரை அழித்த சியோங்னுக்களை ஹூணர் என்ற பெயராலேயே குறிக்கிறது. பெயர் ஒன்றாக இருப்பதால் இரத்தம் ஒன்றாக இருக்க வேண்டும் என்பதில்லை. புல்வெளி மக்களிடையே ஒரு வெற்றிபெற்ற கூட்டத்தின் பெயரைப் பல இனத்தார் சேர்ந்து சூடிக்கொள்வது வழக்கமாக இருந்தது. ஐரோப்பாவுக்கு வந்த ஹூணர் படையிலும் அத்தகைய கலவையே இருந்தது.

அவர்களுடைய வலிமை குதிரையும் வில்லும். மரம், கொம்பு, விலங்கின் தசைநார் ஆகியவற்றை ஒட்டி, முனைகளில் எலும்புத் தகடு வைத்து இறுக்கிய வில் அது. குதிரைமேல் கையாள வசதியாக, பிடிக்கு மேல்பாதி நீண்டும் கீழ்பாதி குறுகியும் இருந்தது. ஓடும் குதிரையிலிருந்து அம்பு எய்து, எதிரி நெருங்கும்முன் விலகி, அவன் அணி கலைந்ததும் திரும்பி வந்து தாக்குவார்கள். அம்மியானஸ் என்ற ரோம வரலாற்றாசிரியர், ஹூணர்கள் சமைக்காத இறைச்சியைத் தொடைக்கும் குதிரையின் முதுகுக்கும் இடையே வைத்துச் சூடேற்றித் தின்பதாக எழுதினார். இதைச் சற்று ஐயத்தோடுதான் படிக்க வேண்டும். எல்லைக்கு அப்பால் வாழ்பவர்கள் மனிதராகவே வாழவில்லை என்று எழுதுவது ரோம எழுத்தாளர்களின் பழைய வழக்கம். ஹூணர்கள் விட்டுச்சென்ற பெரிய செப்புக் கொப்பரைகளும் தங்க நகைகளும் சொல்லும் கதை வேறு.

தள்ளிவிட்டவர்கள்

ஹூணர்கள் ரோமுக்குக் கொடுத்த முதல் அடியை ரோமர்கள் மீது கை வைக்காமலே கொடுத்தார்கள். வோல்கா, டான் ஆறுகளின் பக்கத்திலிருந்த அலன்கள் என்ற நாடோடி மக்களை முதலில் அடக்கினார்கள். பிறகு கருங்கடலுக்கு வடக்கே வாழ்ந்த கோத்துகள் மீது பாய்ந்தார்கள். கோத்துகளின் ஒரு பிரிவான கிரேத்துங்கிகளின் முதிய அரசன் எர்மனாரிக், வரப்போவதை எதிர்கொள்ள மனமில்லாமல் தன் உயிரைத் தானே மாய்த்துக்கொண்டான். அவனுக்குப் பின் வந்தவன் போரில் மடிந்தான். 376இல் பிரிட்டிகெர்ன், அலாவிவஸ் என்ற தலைவர்களின் கீழ் இன்னொரு பிரிவான தெர்விங்கி கோத்துகள் குடும்பம் குடும்பமாக டான்யூப் ஆற்றின் வடகரையில் வந்து நின்று, ரோம எல்லைக்குள் குடியேற அனுமதி கேட்டார்கள்.

கிழக்குப் பேரரசர் வாலன்ஸ் அனுமதி கொடுத்தார். அதில் ஒரு கணக்கு இருந்தது: வந்தவர்களைப் படையில் சேர்த்துக்கொண்டால், மாகாணங்களில் ஆள் பிடிக்காமல் அதற்கு ஈடாகப் பொன்னை வரியாக வாங்கிக்கொள்ளலாம். ரோமுக்கு இது புதிய பழக்கமும் அல்ல. பல நூற்றாண்டுகளாக எல்லைக்கு வெளியிலிருந்து வந்தவர்களை ஏற்று, சிறு சிறு குழுக்களாகப் பிரித்துக் குடியமர்த்தி, ஒரு தலைமுறையில் ரோமர்களாக்கியிருந்தார்கள். இந்த முறை அந்த வழக்கம் கெட்டுப்போனது. கரையில் பொறுப்பிலிருந்த லூப்பிசினஸ், மாக்சிமஸ் என்ற இரு அதிகாரிகள் அகதிகளுக்குப் போய்ச் சேர வேண்டிய உணவைத் தடுத்து, நாய்களைப் பிடித்து இறைச்சிக்கு விற்றார்கள். ஒரு நாய்க்கு விலை ஓர் அடிமை. பசி தாங்காத கோத்துகள் தங்கள் பிள்ளைகளைக் கொடுத்து நாய் வாங்கினார்கள்; தலைவர்களின் பிள்ளைகளும் அப்படி விற்கப்பட்டவர்களில் இருந்தார்கள் என்று அம்மியானஸ் வெட்கத்தோடு பதிவு செய்கிறார். வேலியே பயிரை மேய்ந்த இந்தக் கதை கிளர்ச்சியில் முடிந்ததில் வியப்பில்லை.

378 ஆகஸ்ட் 9ஆம் நாள், அட்ரியனோபிள் நகருக்கு வெளியே, கோடை வெயிலில் நெடுந்தொலைவு நடந்து களைத்திருந்த ரோமப் படை கோத்துகளின் வண்டிக் கோட்டையை நெருங்கியது. மேற்கிலிருந்து வரவேண்டிய துணைப்படைக்காக வாலன்ஸ் காத்திருக்கவில்லை. இரை தேடிப் போயிருந்த கோத்துக் குதிரைப்படை திரும்பிவந்து பக்கவாட்டில் மோதியதும் ரோம அணிகள் நெரிசலில் வாள் வீசவும் இடமின்றி நசுங்கின. கிழக்கின் களப்படையில் மூன்றில் இரண்டு பங்கு அன்று அழிந்தது. பேரரசரின் உடல்கூடக் கிடைக்கவில்லை.

நான்கு ஆண்டுகள் கழித்து, 382இல், புதிய பேரரசர் தியோடோசியஸ் கோத்துகளோடு உடன்படிக்கை செய்துகொண்டார். பிரித்துக் குடியமர்த்தும் பழைய வழக்கம் இங்கே கைவிடப்பட்டது. கோத்துகள் பேரரசுக்குள்ளேயே, தங்கள் தலைவர்களோடும் ஆயுதங்களோடும், ஒரே மக்கள்தொகுதியாக வாழத் தொடங்கினார்கள். பேரரசுக்குள் ஒரு படை, ஆனால் பேரரசின் படை இல்லை என்ற இந்தப் புதிய நிலைமைதான் அடுத்த நூறாண்டின் அரசியல். இந்தக் கோத்துகளின் அடுத்த தலைமுறையை நடத்திய அலாரிக்தான் 410இல் ரோமைச் சூறையாடினான். 408இல் அவன் நகரை முற்றுகையிட்டபோது கேட்ட மீட்புப் பொருள்களின் பட்டியலில் 5,000 ராத்தல் பொன்னோடு 3,000 ராத்தல் மிளகும் இருந்தது என்பது, நம் பக்கத்து மலைச் சரிவுகளில் விளைந்த கொடி எவ்வளவு தொலைவில் மதிக்கப்பட்டது என்பதற்கு ஒரு சிறு சான்று.

இதே தள்ளல் இன்னொரு முறையும் நடந்ததாகப் பல வரலாற்றாசிரியர்கள் கருதுகிறார்கள். ஐந்தாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஹூணர்கள் கருங்கடல் பக்கத்திலிருந்து மேற்கே நகர்ந்து இன்றைய ஹங்கேரிச் சமவெளியை நெருங்கிய காலத்தில்தான், 405இல் ரடகைசஸ் என்பவன் பெருங்கூட்டத்தோடு இத்தாலிக்குள் இறங்கினான்; 406ஆம் ஆண்டின் கடைசி நாளில் வாண்டல்களும் அலன்களும் சுவேபிகளும் ரைன் ஆற்றைக் கடந்து காலியாவுக்குள், அதாவது இன்றைய பிரான்ஸுக்குள் புகுந்தார்கள். இந்தப் பெயர்ச்சிகளுக்கு ஹூணர்களே காரணம் என்று நேரடியாகச் சொல்லும் சமகால ஆவணம் இல்லை. ரோமுக்குள் நடந்த அதிகாரப் போட்டியையே முதற்காரணமாகச் சொல்வோரும் உண்டு. ஆனால் 376இல் நடந்ததைப் பார்த்தபின், வீடு வாசலை விட்டு இத்தனை மக்கள் ஒரே காலத்தில் எல்லையை நோக்கி வந்ததைத் தற்செயல் என்று ஒதுக்குவது எனக்குக் கடினமாகவே இருக்கிறது.

கூலிக்கு நின்றவர்கள்

ஹூணர்களை ரோமின் பரம எதிரிகளாகவே எண்ணிப் பழகியவர்களுக்கு வியப்பளிக்கும் பகுதி இது. அட்டிலாவுக்கு முந்தைய நாற்பது ஆண்டுகளில் ஹூணர்கள் ரோமைத் தாக்கியதைவிட ரோமுக்காகப் போரிட்டதே அதிகம். ரடகைசஸின் கூட்டத்தை 406இல் இத்தாலியின் பீசூலே அருகே மேற்கு ரோமின் தளபதி ஸ்டிலிக்கோ முறியடித்தபோது, அவருக்குப் பக்கத்தில் நின்று போரிட்டவன் உல்டின் என்ற ஹூணர் தலைவன். அவனே சில ஆண்டுகளுக்கு முன் கிழக்குப் பேரரசின் எதிரியான கைனாஸின் தலையை வெட்டிக் கான்ஸ்டாண்டிநோபிளுக்குப் பரிசாக அனுப்பியவன்.

இந்த உறவின் உச்சம் ஏட்டியஸ் என்ற ரோமத் தளபதி. டான்யூப் கரையிலிருந்த துரோஸ்டோரத்தில் பிறந்த அவர், இளமையில் முதலில் அலாரிக்கிடமும் பின்னர் ஹூணர்களிடமும் பிணையாக அனுப்பப்பட்டு வளர்ந்தார். பிணையாக இருந்த காலம் அவருக்குக் குதிரையேற்றத்தையும் வில்லையும் கற்றுத் தந்தது. அதைவிட முக்கியமாக, ஹூணர் தலைவர்களின் நட்பைப் பெற்றுத் தந்தது. 425இல் இத்தாலியில் நடந்த அரியணைப் போட்டியில், தன் பக்கத்து ஆளுக்காக ஏட்டியஸ் பெரிய ஹூணர் படையோடு வந்து சேர்ந்தார். 60,000 பேர் என்று ஒரு பழைய பதிவு சொல்லும் எண்ணிக்கை மிகையாகவே இருக்கும். அவர் வந்து சேர்ந்தபோது அவருடைய ஆள் கொல்லப்பட்டு மூன்று நாள் ஆகியிருந்தது. ஆனாலும் வாசலில் நிற்கும் ஹூணர்களை ஒன்றுமில்லாமல் திருப்பி அனுப்ப முடியாது. சிறுவனான பேரரசன் மூன்றாம் வாலண்டினியனின் சார்பில் ஆண்ட அவன் தாய் கால்லா பிளாசிடியா, ஹூணர்களுக்குப் பொன்னும் ஏட்டியஸுக்குப் பதவியும் கொடுத்து விவகாரத்தை முடித்தாள். 432இல் போட்டித் தளபதியிடம் தோற்று ஓடியபோதும் ஏட்டியஸ் போய் நின்ற இடம் ஹூணர் மன்னன் ருவாவின் அவை. அடுத்த ஆண்டே அந்த ஆதரவோடு திரும்பி வந்து மேற்கின் தலைமைத் தளபதியானார்.

அதன்பின் ஹூணர் துணைப்படையே மேற்கு ரோமின் கைத்தடி ஆயிற்று. 436-37இல் ரைன் கரையில் பர்குண்டியர்களின் அரசை அழித்தவர்கள் அவர்கள்தான். அந்த அழிவின் நினைவே பிற்கால ஜெர்மானிய வீரகாவியங்களில் எதிரொலிக்கிறது. காலியாவின் உள்நாட்டுக் கிளர்ச்சியாளர்களும், அலாரிக்கின் கோத்துகள் வழிவந்து அங்கே குடியேறியிருந்த விசிகோத்துகளும் அதே படையால்தான் ஒடுக்கி வைக்கப்பட்டார்கள். சொந்தப் படைக்குச் சம்பளம் கொடுக்க வரி போதாத அரசுக்கு, வேண்டியபோது மட்டும் கூலி கொடுத்து அழைக்கும் படை மலிவாகத் தெரிந்திருக்கும். அந்தப் படையின் சொந்த மன்னன் ஒருநாள் எதிரியாகிவிட்டால் என்ன செய்வது என்ற கேள்வியைத் தள்ளிப்போட்டார்கள்.

439இல் அந்தக் கணக்கு இடறியது. தூலூஸ் நகருக்கு முன்னால் ஹூணர் துணைப்படையோடு விசிகோத்துகளைத் தாக்கிய ரோமத் தளபதி லிட்டோரியஸ் தோற்றுச் சிறைப்பட்டார். அதே ஆண்டு அக்டோபர் 19இல், வாண்டல் மன்னன் கைசரிக் கார்தேஜ் நகரைப் போரின்றித் திடீரெனக் கைப்பற்றினான். ரைனைக் கடந்து வந்த அந்த வாண்டல்கள் ஸ்பெயின் வழியாக 429இல் ஆப்பிரிக்காவுக்குக் கப்பலேறியவர்கள். மேற்கு ரோமின் தானியக் களஞ்சியமும், வரி குறையாமல் வந்துகொண்டிருந்த கறவை மாடும் ஒரே நாளில் கைமாறின.

இதைக் கண்டு கிழக்குப் பேரரசும் பதறியது. கார்தேஜை மீட்க 441இல் பெரிய கப்பற்படையைச் சிசிலிக்கு அனுப்பியது. டான்யூப் எல்லையிலிருந்து அதற்காகப் படை எடுக்கப்பட்டிருந்தது. அந்த நேரம் பார்த்து அட்டிலாவும் அவன் அண்ணன் பிளேடாவும் டான்யூபைக் கடந்து விமினாசியம், மார்கஸ், சிங்கிடூனம் ஆகிய நகரங்களை ஒன்றன்பின் ஒன்றாகப் பிடித்தார்கள். கப்பற்படை ஆப்பிரிக்கக் கரையை எட்டாமலே திரும்ப அழைக்கப்பட்டது. 442இல் கைசரிக்கின் ஆட்சியை ஒப்புக்கொண்டு மேற்கு அரசு உடன்படிக்கை எழுதியது. அட்டிலாவின் பெயரைச் சொன்னதும் எல்லோரும் 451இல் காலியாவில் நடந்த கத்தலோனியச் சமவெளிப் போரைத்தான் நினைக்கிறார்கள். என் கணிப்பில், மேற்கு ரோமுக்கு ஹூணர்கள் செய்த மிகப் பெரிய கேடு, சிசிலியிலிருந்து திரும்பிப்போன அந்தக் கப்பல்களில்தான் இருக்கிறது. அடுத்த சில ஆண்டுகளில் வெளிவந்த சட்டங்களே அதற்குச் சாட்சி: ஆப்பிரிக்காவில் எஞ்சிய இரு மாகாணங்களின் வரி எட்டில் ஒரு பங்காகக் குறைக்கப்பட்டது, ஒவ்வொரு விற்பனையின் மீதும் இருபத்து நான்கில் ஒரு பங்கு புதிய வரி போடப்பட்டது, இருக்கிற படைக்குச் சோறும் துணியும் கொடுக்கவே வருவாய் போதவில்லை என்று பேரரசனின் சட்டமே வாய்விட்டு ஒப்புக்கொண்டது.

கப்பம் வாங்கியவர்கள்

கிழக்குப் பேரரசு ருவாவுக்கு ஆண்டுக்கு 350 ராத்தல் பொன் கொடுத்துவந்தது. அவன் இறந்தபின் பட்டத்துக்கு வந்த பிளேடாவும் அட்டிலாவும் அதை 700 ஆக்கினார்கள். 440களில் நடந்த போர்களுக்குப் பின் அது 2,100 ராத்தலாக உயர்ந்தது. பழைய பாக்கிக்காக ஒரே தவணையில் 6,000 ராத்தல் வேறு கேட்கப்பட்டது. ரோம ராத்தல் நம் கணக்கில் ஏறத்தாழ 327 கிராம். ஆகவே ஆண்டுக் கப்பம் 680 கிலோவுக்கு மேல், நகைக்கடைக் கணக்கில் சொன்னால் 85,000 சவரனுக்கு மேல். படிக்கும்போது தலை சுற்றும் தொகைதான். ஆயினும் இந்தத் தொகையே கிழக்கை முறித்திருக்கும் என்று எண்ணுவது பிழை. கப்பத்தை நிறுத்திய பேரரசர் மார்சியன், ஏழே ஆண்டுகள் ஆண்டு 457இல் இறந்தபோது கருவூலத்தில் ஒரு லட்சம் ராத்தலுக்கும் மேல் பொன் விட்டுச் சென்றார் என்று பழைய பதிவு கூறுகிறது. எகிப்தும் சிரியாவும் கையில் இருக்கும்வரை கிழக்கால் கொடுக்கவும் முடிந்தது, நிறுத்தவும் முடிந்தது. மேற்கால் இரண்டும் முடியவில்லை.

445ஐ ஒட்டி பிளேடாவைக் கொன்று அட்டிலா தனியரசன் ஆனான். 447 ஜனவரியில் கான்ஸ்டாண்டிநோபிளின் மதில்கள் நிலநடுக்கத்தில் பெரும்பகுதி இடிந்தன; அட்டிலா பால்கனில் வந்துகொண்டிருந்த அந்த நேரத்தில், குதிரைப் பந்தயக் கட்சிகளைச் சேர்ந்த நகரமக்களை ஏவி இரண்டே மாதத்தில் மதிலைத் திரும்ப எழுப்பினார்கள். நகரம் தப்பியது, பால்கனின் ஊர்கள் தப்பவில்லை.

அதன் விளைவை நேரில் கண்டு எழுதியவர் பிரிஸ்கஸ். 449இல் மாக்சிமினஸ் என்ற தூதரோடு அவர் அட்டிலாவின் அவைக்குப் போனார். வழியில் நைசஸ் நகரம் ஆளரவமற்றுக் கிடந்தது. சில நோயாளிகள் மட்டும் கோயில் விடுதிகளில் படுத்திருந்தார்கள். ஆற்றங்கரை முழுவதும் எலும்புகளாக இருந்ததால் கூடாரம் போட இடம் தேடி மேலே நடக்க வேண்டியதாயிற்று. டான்யூபை ஒற்றை மரத்தைக் குடைந்த தோணிகளில் கடந்தார்கள். அப்பால் ஒரு நாள் புயலில் கூடாரங்களை இழந்து ஒரு கிராமத்தில் ஒதுங்கியபோது, அவர்களுக்கு உணவு கொடுத்து உபசரித்தவள் அந்தக் கிராமத்தை ஆண்டுவந்த, பிளேடாவின் மனைவியரில் ஒருத்தி. பதிலுக்கு அவர்கள் கொடுத்த பரிசுகளில் வெள்ளிக் கிண்ணங்கள், சிவப்புத் தோல்கள், பேரீச்சம்பழம் ஆகியவற்றோடு இந்திய மிளகும் இருந்தது.

அட்டிலாவின் ஊரில் அரண்மனை மரத்தால் ஆனது. செதுக்கி மெருகேற்றிய பலகைகள். அங்கே இருந்த ஒரே கல் கட்டடம் அவனுடைய அமைச்சன் ஒனெகேசியஸின் குளியலறை. கல்லும் மரமும் கிடைக்காத அந்தச் சமவெளிக்கு டான்யூப் கரையிலிருந்த பனோனியா மாகாணத்திலிருந்து கல் கொண்டுவந்து அதைக் கட்டியவன், சிர்மியம் நகரிலிருந்து சிறைபிடிக்கப்பட்ட கட்டடக் கலைஞன். கட்டி முடித்தால் விடுதலை கிடைக்கும் என்று நம்பியிருந்தான். வேலை நன்றாக அமைந்துவிட்டதால், அதே குளியலறையில் எசமானுக்கும் விருந்தினருக்கும் பணிவிடை செய்யும் ஆளாக அவனை வைத்துக்கொண்டார்கள்.

விருந்தில் மற்றவர்களுக்கு வெள்ளித் தட்டும் பொன் கிண்ணமும். அட்டிலாவுக்கு மரத்தட்டில் இறைச்சி மட்டும், மரக் குவளையில் மது. மாலையில் இருவர் அவன் வெற்றிகளைப் பாட, இளைஞர்கள் துள்ளினார்கள், முதியவர்கள் அழுதார்கள். கோமாளியைக் கண்டு அவையே சிரித்தபோதும் அசையாமல் இருந்த அட்டிலா, இளைய மகன் எர்னாக் அருகில் வந்து நின்றதும் அவன் கன்னத்தைப் பிடித்துக் கனிவோடு பார்த்தான்.

அந்த ஊரில் பிரிஸ்கஸைக் கிரேக்க மொழியில் ஒருவன் வாழ்த்தினான். ஹூணர் உடை, ஒழுங்காக வெட்டிய முடி. விமினாசியத்தில் வணிகம் செய்து செழித்திருந்தவன், சிறைப்பட்டு, எசமானுக்காகப் போரிட்டு விடுதலை பெற்று, அங்கேயே மணமுடித்துத் தங்கிவிட்டான். ரோம ஆட்சியில் வரிப்பளு, நீதிமன்றத்தில் பணமுள்ளவனுக்குத்தான் நீதி, இங்கே நிம்மதியாக இருக்கிறேன் என்றான். பிரிஸ்கஸ் ரோமச் சட்டங்களின் சிறப்பை எடுத்துச் சொல்லி வாதாடினார். அவன் கண்கலங்கி, சட்டங்கள் நல்லவைதான், ஆள்பவர்கள் பழையவர்களைப் போல இல்லாமல் அதைக் கெடுக்கிறார்கள் என்றான். ரோமின் உள்நோயைப் பற்றிய நீண்ட ஆய்வுகளைவிட இந்தச் சிறு உரையாடல் எனக்கு அதிகம் சொல்கிறது.

பிரிஸ்கஸுக்கே தெரியாத ஒன்றும் அந்தத் தூதில் இருந்தது. கான்ஸ்டாண்டிநோபிள் அரண்மனை அதிகாரி கிறிசாபியஸ், அட்டிலாவின் மெய்க்காவலர்களில் ஒருவனான எடெகோவை விலைக்கு வாங்கி, அட்டிலாவைக் கொல்ல ஏற்பாடு செய்திருந்தார். காவலர்களுக்குப் பங்கிட 50 ராத்தல் பொன். எடெகோ நேராகப் போய் அட்டிலாவிடம் சொல்லிவிட்டான். மொழிபெயர்ப்பாளன் விகிலஸ் பொன்னோடு பிடிபட்டான். அட்டிலா போர் தொடுக்கவில்லை. பொன் இருந்த பையைத் தன் எழுத்தரான ஒரெஸ்டஸின் கழுத்தில் மாட்டி, கான்ஸ்டாண்டிநோபிளுக்கு அனுப்பி, இந்தப் பை தெரிகிறதா என்று பேரரசர் முன்னிலையிலேயே கிறிசாபியஸைக் கேட்க வைத்தான். ஒரெஸ்டஸ், பனோனியாவைச் சேர்ந்த ரோமன். எடெகோ, ஒரெஸ்டஸ் என்ற இந்த இரண்டு பெயர்களும் மீண்டும் வரும்.

450இல் கிழக்குப் பேரரசர் இரண்டாம் தியோடோசியஸ் குதிரையிலிருந்து விழுந்து இறந்தார். புதிய பேரரசர் மார்சியன் கப்பத்தை நிறுத்தினார். சூறையாடப்பட்ட பால்கனில் இனி எடுக்க அதிகம் இல்லை. அட்டிலாவின் பார்வை மேற்கே திரும்பியது. வாலண்டினியனின் சகோதரி ஹொனோரியா, தனக்குப் பிடிக்காத திருமணத்திலிருந்து தப்ப மோதிரம் அனுப்பி உதவி கேட்டதை மணவுறுதியாக எடுத்துக்கொண்டு, மேற்குப் பேரரசில் பாதியைச் சீதனமாகக் கேட்டான். 451இல் காலியாவுக்குள் புகுந்து மெட்ஸ் நகரை எரித்தான். ஓர்லியான்ஸ் முற்றுகை பலிக்காமல் பின்வாங்கியபோது, கத்தலோனியச் சமவெளியில் ஏட்டியஸ் அவனை மறித்தார். பன்னிரண்டு ஆண்டுகளுக்கு முன் ஹூணர்களை ஏவி விசிகோத்துகளை அடித்தவர், இப்போது விசிகோத்துகளைச் சேர்த்துக்கொண்டு ஹூணர்களை எதிர்த்தார். விசிகோத்து மன்னன் தியோடெரிக் களத்தில் மாண்டான். அட்டிலா திரும்பிப் போனான். அடுத்த ஆண்டே அவன் வட இத்தாலியில் இறங்கி அக்விலேயாவைத் தரைமட்டமாக்கினான். மிலான் அரண்மனையில், ரோமப் பேரரசர்கள் பொன் அரியணையில் இருக்க அவர்கள் காலடியில் புல்வெளி மக்கள் செத்துக் கிடப்பதாக ஓர் ஓவியத்தைக் கண்டான். ஓவியனைத் தேடிப் பிடித்து, அரியணையில் தன்னையும், தன் காலடியில் மூட்டைகளிலிருந்து பொன்னைக் கொட்டும் பேரரசர்களையும் வரையச் சொன்னான். திருத்தப்பட்ட ஓவியம் உண்மைக்கு நெருக்கமாகத்தான் இருந்தது. போப் லியோ தூது வந்து அவனைத் திருப்பி அனுப்பினார் என்ற கதை புகழ்பெற்றது. பஞ்சமும் கொள்ளைநோயும் அவன் படையை அரித்துக்கொண்டிருந்ததும், மார்சியனின் படை அவன் நாட்டுக்குள் தாக்குதல் நடத்தியதும் அந்தப் புகழில் மறைந்துவிடுகின்றன.

இல்லாமல் போனதும் ஓர் அடி

453இல், இல்டிக்கோ என்ற இளம்பெண்ணை மணந்த இரவில், மூக்கிலிருந்து இரத்தம் பெருகித் தொண்டையில் அடைத்து அட்டிலா இறந்தான். அவனுடைய அரசு கப்பத்தையும் கொள்ளையையும் கீழ்ப்பட்ட தலைவர்களுக்குப் பங்கிட்டே நின்ற அரசு. பங்கிட ஒன்றும் வராதபோது, மகன்களும் தங்களுக்குள் மோதியபோது, கெப்பிட்கள் என்ற ஜெர்மானிய மக்களின் தலைமையில் அடிமைப்பட்ட மக்கள் எழுந்தார்கள். 454இல் நெடாவோ ஆற்றங்கரையில் மூத்த மகன் எல்லாக் கொல்லப்பட்டான். இன்னொரு மகன் தெங்கிசிக்கின் தலை 469இல் கான்ஸ்டாண்டிநோபிள் தெருவில் ஊர்வலமாகக் கொண்டுபோகப்பட்டது.

ரோமுக்கு நிம்மதி பிறந்திருக்க வேண்டும்; கிழக்குக்கு ஓரளவு பிறந்தது. மேற்கின் நிலை வேறாக இருந்தது. ஹூணர் கூலிப்படை இல்லாமல் விசிகோத்துகளையும் பர்குண்டியர்களையும் அடக்கி வைக்க இனி ஆளில்லை. அட்டிலாவின் பிடியிலிருந்து விடுபட்ட ஸ்கிரிகள், ஹெரூலிகள், ருகிகள், கோத்துகள் ஆகியோர் வேலையும் நிலமும் தேடி எல்லையில் வந்து நின்றார்கள். அட்டிலா இல்லாத உலகில் ஏட்டியஸ் தேவையில்லை என்று எண்ணிய வாலண்டினியன், 454 செப்டம்பரில் கணக்குப் பார்க்கும் கூட்டத்திலேயே அவரைத் தன் கையால் வெட்டினான். உன் இடக்கையால் வலக்கையை வெட்டிக்கொண்டாய் என்று அவையில் ஒருவர் சொன்னதாகக் கதை. ஆறு மாதத்தில் ஏட்டியஸின் பழைய வீரர்கள் இருவர் வாலண்டினியனைக் கொன்றார்கள். அவ்விருவரும் ஹூணர்கள் என்றே பலர் கருதுகிறார்கள். அதே ஆண்டு வாண்டல்கள் கடல்வழி வந்து ரோமைச் சூறையாடினார்கள். ஆப்பிரிக்காவை மீட்டால் மேற்கு பிழைக்கும் என்று இரு பேரரசுகளும் சேர்ந்து 468இல் எடுத்த கடைசி முயற்சியில், தீக்கப்பல்களை ஏவிக் கைசரிக் அந்தப் பெருங்கப்பற்படையை எரித்தான்.

அதன்பின் மேற்குப் பேரரசு என்பது பெரும்பாலும் இத்தாலிதான். அதன் படை பெரும்பாலும் அட்டிலாவின் பழைய குடிகளான ஸ்கிரிகளும் ஹெரூலிகளும்தான். 475இல் அந்தப் படையின் தலைமைத் தளபதி, கழுத்தில் பையோடு கான்ஸ்டாண்டிநோபிளுக்குப் போய்வந்த அதே ஒரெஸ்டஸ். அவர் தன் சிறு மகன் ரோமுலஸைப் பேரரசனாக்கினார். வீரர்கள் சம்பளத்துக்குப் பதிலாக இத்தாலியின் நிலத்தில் மூன்றில் ஒரு பங்கு கேட்டார்கள். ஒரெஸ்டஸ் மறுத்தார். கிளர்ந்த படை ஒடோவாக்கர் என்பவனைத் தலைவனாக்கியது. அட்டிலாவைக் கொல்ல விலை பேசப்பட்ட எடெகோவின் மகனே அவன் என்பது பல ஆய்வாளர்களின் முடிவு. 476 ஆகஸ்ட் 28இல் பியாசென்சாவில் ஒரெஸ்டஸ் கொல்லப்பட்டார். ஒரு வாரத்தில் ரவென்னாவில் ரோமுலஸ் பதவி இழந்தான். பேரரசுக்குரிய உடைகளும் சின்னங்களும் கான்ஸ்டாண்டிநோபிளுக்கு அனுப்பி வைக்கப்பட்டன. சிறுவனின் இளமைக்கு இரங்கி ஒடோவாக்கர் அவனைக் கொல்லவில்லை. ஆண்டுக்கு 6,000 பொற்காசு உதவித்தொகை கொடுத்து, கம்பானியாவில் உறவினரோடு வாழ அனுப்பினான்.